பழையனூர் நீலியும் அவள் எடுத்த வடிவங்களும்

‘நீலிக்கண்ணீர்’ என்னுஞ் சொல்லை அறியாத தமிழர் இலர். உள்ளத்திலே துயரம் சிறிதுமின்றிப் பிறரை ஏமாற்றும் பொருட்டு வடிக்கும் கண்ணீரை அங்ஙனம் வழங்குதல் நம்மவர் மரபு. பள்ளிக்குச் செல்லாதிருக்க வயிற்றுவலி என்று அழும் சிறுமியையும் தாய்மார் அச்சொல்லாலேயே கடிந்துகொள்வர். ஆயினும், அந்நீலி யாவள், எவ்வூரினள், யாவர் முன்னே எதன்பொருட்டு அழுதாள் என வினவுவோமாயின் விடை கூறுவார் சிலரே. சிவகாசிக்கு அணித்தாகிய எம்மூர் நாரணாபுரத்தில் முதியோர் சிலரை யாம் வினவியபோது, ‘ஏதோ பழைய காலத்துப் பேய், தம்பி’ என்றனர் பலர். ‘இசக்கியம்மன் கதையில் வருகிறவள்தானே’ என்றார் திருநெல்வேலிச் சீமையிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த மூதாட்டி ஒருவர். இரண்டும் பிழையன்று. ஒரு பேய் தன் கதையை இழந்து சொல்லாகவும், வேறொரு நிலத்தில் தெய்வமாகவும் எஞ்சி நிற்றல் வியப்பன்றோ? மேனாட்டார் தம் டிராகுலாப் பிரபுவையும், பிராங்கன்ஸ்டைன் படைத்த உருவத்தையும், அவை நாடகமாகவும் திரைப்படமாகவும் மாறி வந்த வரலாற்றையும் நூல் நூலாக ஆராய்ந்துள்ளனர். நம் நீலியோ அவ்விருவரினும் ஆயிரம் ஆண்டுக்கு மேல் மூத்தவள். அவளைப் பற்றி யாம் கற்றவற்றை ஈண்டுத் தொகுத்துக் கூறப் புகுகின்றோம்.

கதையைச் சுருங்கச் சொல்லிவிடுவோம். மனைவியைக் கொன்ற ஒருவன் மறுபிறப்பில் வணிகனாய்ப் பிறக்கின்றான். கொலையுண்டவள் பேயாய் அவனைத் தொடர்கின்றாள். பேய் அணுகவொட்டாத வாள் ஒன்று அவன் கையில் இருத்தலின் அவளால் அவனைத் தீண்ட இயலவில்லை. தொண்டைநாட்டுத் திருவாலங்காட்டை அடுத்த பழையனூர் வழியே அவன் செல்லுங்கால், நீலி அவன் மனைவியின் வடிவங்கொண்டு, கள்ளிக்கொம்பு ஒன்றைக் குழந்தையாக்கி இடுப்பில் ஏந்தி, அவ்வூர் வேளாளர் எழுபதின்மர் கூடியிருந்த அவையிற் புகுந்து, ‘என் கணவர் என்னைக் கைவிட்டு ஓடுகின்றார்’ என்று முறையிட்டு அழுகின்றாள். வணிகனோ, ‘இவள் பெண்ணல்லள், பேய்’ என்கின்றான். அவையினர் குழந்தையை இறக்கிவிடச் சொல்ல, அது தவழ்ந்து சென்று ‘அப்பா’ என்று அவன் மடியிலேறி அமர்கின்றது. இதனினும் வேறு சான்று யாது வேண்டும்? இருவரும் அன்றிரவு ஒரு மனையில் தங்குக என்று அவர் தீர்ப்பளிக்கின்றனர். ‘அவர் கையில் வாள் இருக்கின்றதே, என்னைக் கொன்றுவிடுவாரே’ என்று நீலி நடுங்க, அவ்வாளையும் வாங்கி வைத்துக்கொள்கின்றனர். அஞ்சிய வணிகனுக்கு, ‘உனக்கு ஊறு நேரின் எழுபதின்மரும் எம் உயிரைத் தருவோம்’ என்று உறுதி கூறுகின்றனர். விடிந்து பார்த்தால் வணிகன் பிணமாய்க் கிடக்கின்றான். மனைவியும் இல்லை, குழந்தையும் இல்லை. சொன்ன சொல் தவறாத அவ்வெழுபதின்மரும் தீ வளர்த்து அதனுட் பாய்ந்து மாய்ந்தனர்.

இது வெறுங் கட்டுக்கதையென்று தள்ளற்பாலதன்று. பழையனூர் மெய்யான ஊர். முதலாம் இராசேந்திர சோழன் தன் ஆறாம் ஆட்சியாண்டில், ஏறத்தாழ 1018-ஆம் ஆண்டில், பழையனூரைத் திருவாலங்காட்டுக் கோயிலுக்கு அளித்தமையைத் திருவாலங்காட்டுச் செப்பேடுகள் கூறுகின்றன. அதற்கும் முன்னர் ஏழாம் நூற்றாண்டினராகிய திருஞானசம்பந்தர், தம் திருவாலங்காட்டுப் பதிகத்தின் முதற்பாட்டிலேயே, வஞ்சித்து உயிர் கவர்ந்த ஒருத்தியின் செய்தியைக் குறித்துள்ளார். ஆகவே அவர் காலத்திலேயே கதை நாடறிந்த பழங்கதையாய் இருந்தது என்பது தெளிவு. உமாபதி சிவாசாரியார் பெயரால் வழங்கும் சேக்கிழார் புராணம், வேளாளர் குலப் பெருமை கூறுமிடத்து, எழுபதின்மர் தீப்புகுந்ததை எடுத்துரைக்கின்றது. தொண்டை மண்டல சதகமும் அதனையே தன் நாட்டுக்குப் பெருமையாகப் பாடுகின்றது. இந்நூல்களுக்கெல்லாம் நீலி ஒரு பொருட்டல்லள். வாய்மை காத்த வேளாளரே அவற்றின் தலைவர். அவர் வாய்மையைச் சோதிக்க வந்த ஒரு கருவி என்னும் அளவிலேயே அவள் வந்து போகின்றாள்.

அத்திருவாலங்காட்டிற்கு மற்றொரு பெண்பேயும் உரியவர் என்பதை ஈண்டு நினைவுகூர்தல் வேண்டும். அவர் காரைக்காலம்மையார். கணவனால் துறக்கப்பட்ட பின்னர்த் தம் எழிலுடம்பை உதறிப் பேயுருவை இரந்து பெற்று, ஆலங்காட்டுச் சுடுகாட்டையும் ஆங்குத் திரியும் பேய்மகளிரையும் நேரிற் கண்டார்போலப் பாடியவர் அவர். அவர் தலையால் நடந்த நிலத்தைக் காலால் மிதிக்க அஞ்சிச் சம்பந்தர் ஊர்க்குப் புறத்தே தங்கினார் என்று பெரியபுராணம் பேசுகின்றது. கணவனால் கைவிடப்பட்ட மனைவியர் இருவர், ஒரே காட்டில், ஒருவர் தொழத்தக்க பேயாகவும் ஒருத்தி அஞ்சத்தக்க பேயாகவும் நிற்றலை எம் தமிழ் வகுப்பில் முதன்முதல் உணர்ந்தபோது யாம் அடைந்த வியப்பு சிறிதன்று.

இனி, நீலி எடுத்த வடிவங்களுள் மிகப் புதுமையானது சமணர் அவளுக்கு அளித்ததே. ஐஞ்சிறு காப்பியங்களுள் ஒன்றாகிய நீலகேசியின் ஆசிரியர் பெயர் தெரிந்திலது. அந்நூல் பத்துச் சருக்கங்களும் 894 பாடல்களும் உடையது. பாஞ்சால நாட்டுப் புண்டவர்த்தனம் என்னும் நகர்ப்புறச் சுடுகாட்டில் காளி கோயில் ஒன்று. அரசி மகப்பெற்றமைக்கு நேர்ந்த கடனாக ஆடுகளைப் பலியிட வந்தோரை, அங்கே தவம் புரிந்திருந்த முனிச்சந்திரர் என்னும் சமண முனிவர் தடுத்து, உயிருள்ள விலங்குக்கு மாறாக மண்ணாற் செய்த உருவத்தைப் படைத்துச் செல்லுமாறு அறிவுறுத்துகின்றார். (ஐயனார் கோயில்தோறும் மண்குதிரை நிற்கக் காணும் நமக்கு இவ்வறிவுரை புதிதன்று.) பலியிழந்து வெகுண்ட காளி, தன்னால் அம்முனிவரை அகற்ற இயலாமையின், தென்னாட்டுப் பழையனூர் நீலியைத் துணைக்கு அழைக்கின்றாள். நீலி வந்து அச்சுறுத்திப் பார்க்கின்றாள், முனிவர் அசையவில்லை. பின் அரசிளங்குமரியின் வடிவெடுத்து மயக்கப் பார்க்கின்றாள். அவர் அவளை இன்னாளென்று அறிந்துகொள்கின்றார். தோற்ற பேய் முனிவரை வணங்கி அறங்கேட்டு, கொல்லாமையை மேற்கொண்டு, அன்றுமுதல் வாதம் புரியும் புலமைப் பெண்ணாகி நாடெங்கும் செல்கின்றது. குண்டலகேசி, மொக்கலன், புத்தர், ஆசீவகர், சாங்கியர், வைசேடிகர், வேதவாதியர், பூதவாதியர் எனப் பலரையும் அவள் வென்றதாக நூல் விரிகின்றது. அவளுக்கு எதிரியாக வைக்கப்பட்ட குண்டலகேசிக் காப்பியம் பெரும்பாலும் மறைந்தொழியப் பேயின் காப்பியம் முழுமையாய் எஞ்சியது. பேராசிரியர் அ. சக்கரவர்த்தி நயினார் இதனைச் சமயதிவாகர வாமன முனிவர் உரையுடன் 1936-ஆம் ஆண்டில் பதிப்பித்தார்.

இந்நூலாசிரியர் செய்த மாற்றத்தை எண்ணிப் பார்த்தல் நன்று. அவையில் பொய்யழுகை அழுதவளை, அவைதோறும் சென்று தருக்கம் பேசுபவளாக்கிவிட்டார். பழைய நீலியின் நா வஞ்சிக்க வல்லது. புதிய நீலியின் நா ஐயத்தை அறுக்க வல்லது. இரண்டிடத்தும் அவளது வலிமை பல்லிலோ நகத்திலோ இல்லை, பேச்சிலேயே இருக்கின்றது. எனினும் வாதங்கள் நீள நீளக் கதை மெலிவதையும், பின்னைச் சருக்கங்களில் நீலி என்னும் பெண்ணே மறைந்து வெறுங் குரலாய்விடுவதையும் கூறாது விடுதல் நேர்மையாகாது. தேர்வுக்கெனப் படிப்போர்க்குப் பூதவாதம் வரை செல்லுதல் சற்றுக் கடுந்தவமே.

வடநாட்டு வழக்குகளினும் நூல் வழக்குகளினும் யாம் பெரிதும் போற்றுவது தென்பாண்டி நாட்டிலும் நாஞ்சில் நாட்டிலும் வில்லுப்பாட்டாய் வழங்கும் நீலிகதையை. கொடைவிழாக் காலங்களில் இசக்கியம்மன் முன்னிலையில் அது பாடப்பெறும். ஆங்கு ஊர்ப்பெயர் பழகைநல்லூர் என மாறிவிடுகின்றது. எழுபதின்மர் கதைக்கு முன்னரே பாட்டு நெடுந்தொலைவு தொடங்குகின்றது. முற்பிறப்பில் அவள் கணிகை ஒருத்தி. அவள் செல்வத்தை விழைந்த வேதியன் ஒருவன், காட்டில் அவள் துயிலும்போது தலையிற் கல்லைப் போட்டுக் கொல்கின்றான். கண்டார் யாருமிலர், அருகில் நின்ற கள்ளிச்செடி ஒன்றே உண்டு. அக்கள்ளியையே சாட்சியென்று கூறி அவள் உயிர் விடுகின்றாள். அவளைத் தேடி வந்த உடன்பிறந்தானும் அங்கேயே மாய்கின்றான். மறுபிறப்பில் அண்ணனும் தங்கையும் சோழ மன்னன் மனையில் நீலனும் நீலியுமாய்ப் பிறந்து, மனித இயல்பு கடந்தவராகிக் காட்டில் விடப்படுகின்றனர். கொன்ற வேதியனோ செட்டியாய்ப் பிறந்து அக்காட்டு வழியே வருகின்றான்.

இவ்வழக்கைக் கேட்டபின் மேற்கூறிய கள்ளிக்குழந்தை வேறொரு பொருள் தருவதைக் காண்மின். நூல்வழக்கில் அக்குழந்தை பேயின் மாயம். அவையை ஏமாற்றச் செய்த சூழ்ச்சி. வில்லுப்பாட்டிலோ கொலையைக் கண்ட ஒரே சாட்சி அக்கள்ளி. அதுவே பிள்ளையாய் வந்து, எழுபதின்மர் நடுவே, ‘இவனே’ என்று கொலையாளியின் மடியில் ஏறி அமர்கின்றது. அவையினர் கேட்ட வினாவுக்கு அது கூறிய விடை பொய். கேளாத வினாவுக்கு அது கூறிய விடை மெய். பாடுவோர் இதனை விரித்துரைப்பதில்லை. விரித்துரையாமையே அதன் அழகு என்று எமக்குத் தோன்றுகின்றது.

இசக்கி என்னும் பெயர் இயக்கி என்பதன் திரிபு. சமணர் தீர்த்தங்கரர்தோறும் ஓர் இயக்கியை வைத்து வழிபட்டனர். அவருள் அம்பிகை குழந்தையுடன் விளங்குபவள். கன்னியாகுமரி மாவட்டத்துச் சிதறால் மலையில் அவளது புடைப்புருவத்தை இன்றும் காணலாம். மதுரைப் புறத்தே இயக்கி ஒருத்திக்குப் பாற்சோறு படைத்து மீளும் மாதரியைச் சிலப்பதிகாரத்தில் காண்கின்றோம். சமணம் தேய்ந்தபின் அக்குழந்தை ஏந்திய தெய்வமும், கள்ளிக்குழந்தை ஏந்திய பேயும் மக்கள் உள்ளத்தில் ஒன்றாயினர் போலும். இசக்கியின் மண்ணுருவங்கள் சிலவற்றில் ஒரு கையில் குழந்தை இருக்கும். வாயிலும் ஒன்று கவ்வப்பட்டிருக்கும். அவ்வுருவின் முன்னர்த்தான் கருவுற்ற மகளிர் நன்மகப்பேறு வேண்டி நிற்கின்றனர். உயிர் குடிப்பவளே உயிர் காப்பவளும் ஆயினாள்.

மேனாட்டுக் கதைகளை இங்கு ஒப்புநோக்குதல் பயனுடைத்து. பிராம் ஸ்டோக்கர் 1897-ஆம் ஆண்டில் வெளியிட்ட டிராகுலா என்னும் நவீனத்தில், குருதி குடிக்கும் பேய் வீட்டிலுள்ளார் அழைத்தாலன்றி முதன்முறை உள்ளே புகல் இயலாது என்றொரு விதி உண்டு. அதற்கு 25 ஆண்டு முன்னர் ஷெரிடன் லெ பானு எழுதிய கார்மிலா என்னும் கதையில், வண்டி கவிழ்ந்து இடருற்ற தாயொருத்தி தன் மகளை விட்டுச் செல்ல, இரக்கங்கொண்டு ஏற்ற வீட்டார்க்கே அம்மகள் பேயாய் முடிகின்றாள். அயலார்பால் காட்டும் அருளே பேய் நுழையும் வாயில் என்பது பழையனூரார்க்கும் பொருந்தும். ஆனால் நீலிக்கு உண்மையில் உறவு டிராகுலாவன்று. மேரி ஷெல்லி 1818-ஆம் ஆண்டில் படைத்த பெயரில்லா உருவமே. அவ்வுருவம் பிறப்பிற் கொடியதன்று. படைத்தவனே வெறுத்து ஓடியபின், கண்டவரெல்லாம் கல்லெறிந்து துரத்தியபின், கொலைத்தொழில் மேற்கொண்டது. நவீனத்தில் அது தன் வழக்கை நெடுநேரம் நாநயத்துடன் எடுத்துரைக்கின்றது. 1823-ஆம் ஆண்டில் இலண்டனில் நடிக்கப்பெற்ற முதல் நாடகத்திலோ அதற்குப் பேச்சே இல்லை. 1931-ஆம் ஆண்டுத் திரைப்படத்தில் போரிஸ் கார்லாப் என்பார் நடித்த உருவமும் உறுமுகின்றதேயன்றிப் பேசுவதில்லை. மறுவடிவம் எடுக்குந்தோறும் அதன் முறையீடு பறிக்கப்பட்டது. அச்சம் ஒன்றே எஞ்சியது.

நீலிக்கு நேர்ந்ததும் அதுவே. புராணமும் சதகமும் எழுபதின்மரின் வாய்மையைக் கொண்டன. பேச்சுவழக்கு பொய்க்கண்ணீரைக் கொண்டது. முதற்கொலையை இரண்டும் கைவிட்டன. கல்லால் அடிபட்டு இறந்தவளின் கதை, அழுது ஏமாற்றியவளின் கதையாய்ச் சுருங்கிற்று. இத்தனைக்கும் தமிழில் மெய்யாய் அழுத நீலி ஒருத்தியும் உளள். சிலப்பதிகாரத்துக் கட்டுரை காதையில், கோவலன் முற்பிறப்பில் பரதன் என்னும் பெயரினனாய், சங்கமன் என்னும் வணிகனை ஒற்றனென்று பொய்யாய்ப் பிடித்துக் கொல்வித்தான் என்று மதுராபதித் தெய்வம் கண்ணகிக்கு உரைக்கின்றது. அச்சங்கமன் மனைவியின் பெயரும் நீலியே. பதினான்கு நாள் தெருவெங்கும் அரற்றித் திரிந்தும் கேட்பாரின்றி, மலையேறி வீழ்ந்து உயிர்விடுமுன் அவள் இட்ட சாபமே கோவலனைக் கொன்றது. கேளாமையால் ஒரு நாட்டிற்கு வந்த கேடு அது. ஆராயாது தீர்ப்பளித்து அரசு கட்டிலிலேயே வீழ்ந்த பாண்டியன் கதையும் அதனோடு சேர்ந்தது. பழையனூரார் கேட்டனர், ஆராய்ந்தனர், சான்றும் நோக்கினர், ஆயினும் தவறினர். அவர் பிழை அப்பெண்ணை நம்பியதிலன்று. வணிகன் அச்சத்தைச் சிறிதும் நம்பாது அவன் வாளை வாங்கிக்கொண்டதிலேயே உள்ளது என்பது எம் கருத்து. ‘அழும் பெண்ணை நம்பாதே’ என்று இக்கதைக்குப் பொருளுரைப்போர், அவையில் நின்ற மற்றொருவனின் சொல்லும் கேட்கப்படவில்லை என்பதை மறந்துவிடுகின்றனர்.

இதனை யாம் ஏட்டுச்செய்தியாக மட்டும் கூறவில்லை. எம்மூரைச் சூழ்ந்த நிலம் கரிசலும் வெயிலும் மிக்கது. மழை பொய்த்த நிலத்தில் தீப்பெட்டியும் பட்டாசும் அச்சுத்தொழிலுமே மக்களுக்குச் சோறிடுகின்றன. மருந்து கலக்கும் அறையில் உராய்வு ஒன்று போதும். ஓர் உயிரோ பல உயிர்களோ போய்விடும். அவ்வாறு கணவனை இழந்த பெண்ணொருத்தி, கைக்குழந்தையுடன் ஆலைவாயிலில் நின்று ஈட்டுத்தொகையின் பொருட்டு அழுதபோது, அங்கு நின்ற ஒருவர் ‘நீலிக்கண்ணீர்’ என்று மெல்லக் கூறியதை யாமே செவியுற்றோம். கூறியவர் கொடியவரல்லர், நாவில் வந்த பழஞ்சொல்லைச் சொன்னார், அவ்வளவே. ஆனால் அச்சொல் அவர் செவிக்கு அப்பெண்ணின் அழுகையை எட்டவொட்டாது தடுத்துவிட்டது. குழந்தையை ஏந்திப் பலர் முன்னிலையில் அழும் பெண் என்றவுடனே பொய்யள் என்று கொள்ளுமாறு ஒரு கதை நம் உள்ளத்தைப் பழக்கியிருக்குமாயின், அக்கதையின் மற்றைப் பாதியையும் அறிந்துகொள்ளுதல் நம் கடனாகின்றது.

மலையாள நாட்டில் நீலி வேறொரு வாழ்வு பெற்றாள். கள்ளியங்காட்டு நீலி என்பது ஆங்கு அவள் பெயர். நாகர்கோவிலை அடுத்துக் கள்ளியங்காடு என்னும் இடம் இன்றும் உண்டு. கள்ளிக்குழந்தையின் நிழல் அப்பெயரிற் படிந்திருத்தல் கூடும். இரவில் தனிவழி செல்வாரிடம் வெற்றிலைக்குச் சுண்ணாம்பு கேட்டு நின்று, மயங்கினாரைக் கொன்று தின்பாள் என்பர். அவளை அடக்கியவர் கடமற்றத்துக் கத்தனார் என்னும் சிரியன் கிறிஸ்தவக் குரு என்று வழங்கும் கதை, கொட்டாரத்தில் சங்குண்ணியின் ஐதிஹ்யமாலையால் பெரும்புகழ் பெற்றது. சமண முனிவர்க்குப் பணிந்த பேய், சில நூற்றாண்டு கடந்து கிறிஸ்தவக் குருவுக்கும் பணிந்தாள். எம் சமயத்தார் ஒருவர் பேயோட்டிய கதையில் எமக்கு மகிழ்ச்சி உண்டெனினும், முனிச்சந்திரர் அவளுக்கு அறங்கூறினார், கத்தனாரோ தலையில் ஆணி அறைந்தார் என்னும் வேறுபாட்டையும் மறைத்தற்கில்லை.

2025-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் வெளிவந்த ‘லோகா’ என்னும் மலையாளத் திரைப்படம் இவ்வரிசையில் அண்மையது. டொமினிக் அருண் இயக்கிய அப்படத்தில் கல்யாணி பிரியதர்சன் நீலியாக நடித்துள்ளார். மேனாட்டுக் குருதி குடிக்கும் பேயின் இயல்புகளை ஏற்றுக்கொண்டு, இக்காலப் பெங்களூரு நகரில் பிறர்க்குத் தோன்றாது வாழ்பவளாக அவள் அங்கே வருகின்றாள். டிராகுலாவும் நீலியும் ஒருடம்பாய்க் கலந்த முதற்பெரும் வடிவம் இதுவே எனலாம். மன்னனின் ஆட்களால் தன் குடியை இழந்த சிறுமியே பின் நீலியானாள் என்று காட்டி, நம்மவர் நூல்கள் கைவிட்ட அம்முதற்கொடுமையை அப்படம் வேறொரு வகையில் மீட்டுத் தந்துள்ளது. கத்தனாரும் அதிற் பகைவராயன்றி நண்பராய் வருகின்றார். ஆயின், எழுபதின்மர் இலர்; அவையும் இல்லை; மடியில் ஏறும் கள்ளிப்பிள்ளையும் இல்லை. தமிழ்நாட்டில் எவரேனும் இக்கதையை நாடகமாகவோ படமாகவோ எடுக்க எண்ணுவாராயின், சென்னைக்கு மேற்கே திருவாலங்காட்டையும் தெற்கே ஒரு கொடைவிழாவையும் சென்று கண்டு, வில்லுப்பாட்டுப் புலவரிடம் முதற்கொலை தொட்டுக் கேட்டு, அதன்பின் தொடங்குவாராக.